ரப்பிங்க வெறும் சட்டக்காரங்கதானா? தோட்டத்துக்குள்ள போன நாலு பேரும் திரும்பி வந்த ஒருத்தரும்

கேள்வி இதுதான்: "யூத மதம்னாலே சட்டம், தீட்டு, இதைச் சாப்பிடலாம் அதைச் சாப்பிடக்கூடாது, அவ்ளோதானே? கபாலா மாதிரி ஞான சமாச்சாரம் எல்லாம் பிற்காலத்துல சேர்ந்ததா, இல்ல ஆரம்ப கால ரப்பிங்ககிட்டயே இருந்துச்சா?"

கபாலா, அதாவது யூத மறைஞான மரபு, பிற்காலம்தான், அதுல சந்தேகமே வேண்டாம். பாஹிர்னு ஒரு நூல் 12ஆம் நூற்றாண்டு கடைசியில தெற்கு பிரான்ஸ் பக்கம் தலைகாட்டுது, ஸோஹர் 13ஆம் நூற்றாண்டு கடைசியில ஸ்பெயின்ல வருது. ஆனா அதுக்கு ஆயிரம் வருஷம் முன்னாடியே ரப்பிங்ககிட்ட, அதாவது யூத வேதத்தையும் சட்டத்தையும் சொல்லிக் கொடுத்த குருமாருங்ககிட்ட, ஒரு ரகசியப் படிப்பு இருந்துச்சு, அதுவும் யாரோ காட்டுல இருந்த சாமியாருங்ககிட்ட இல்ல, எந்தப் பாத்திரம் தீட்டு எது தீட்டில்லன்னு நாள் முழுக்க மல்லுக்கட்டிட்டு இருந்த அதே ஆளுங்ககிட்ட. இதைப் புரிஞ்சிக்காம "சட்டம் ஒரு பக்கம், ஞானம் ஒரு பக்கம்"னு பிரிச்சுப் பாத்தா ரெண்டுமே கைக்குச் சிக்காது. நான் ரொம்ப நாள் அப்படித்தான் பிரிச்சுப் பாத்துட்டு இருந்தேன்.

முதல்ல காலத்தைச் சொல்லிடுறேன். கி.பி. 70ல ரோமாக்காரங்க எருசலேம் ஆலயத்தை இடிச்சுத் தள்ளுறாங்க. பலி கிடையாது, ஆசாரியருக்கு வேலை கிடையாது, கடவுள் தங்குற வீடே இல்ல. மிச்சம் இருந்தது புத்தகமும் அதை வாசிக்கத் தெரிஞ்ச ஆளுங்களும்தான். யோகனான் பென் சக்காய்னு ஒரு பெரியவர் யாவ்னேங்குற ஊர்ல உக்காந்து படிப்பைத் திரும்ப ஆரம்பிக்கிறார். 132 - 135ல ரோமாவுக்கு எதிரா பார் கோக்பா கலகம், அதுவும் ரத்தத்துலதான் முடியுது. சுமாரா 200ல யூதா ஹநாசிங்குற ரப்பி மிஷ்னாவை, அதாவது வாய்மொழியா வந்த சட்டங்களை, தொகுக்கிறார், அதுக்குத் துணையா தொசெப்தா, அப்புறம் அதுக்கெல்லாம் விளக்கமா ரெண்டு தால்மூத், பாலஸ்தீனத்துல ஒண்ணு, அதைவிடப் பெருசா பாபிலோன்ல ஒண்ணு. நான் சொல்லப்போற கதை எல்லாம் பெரும்பாலும் இதுக்குள்ள இருக்குறதுதான்.

மிஷ்னாவுல ஹகிகான்னு ஒரு பகுதி. பண்டிகைக்கு எருசலேம் போறது, காணிக்கை கொடுக்கிறது பத்தினது. அதுல திடீர்னு ரெண்டாவது அத்தியாயத்துல சம்பந்தமே இல்லாம ஒரு விதி வருது. தகாத உறவு பத்தின சட்டங்களை மூணு பேர் முன்னாடி விளக்கக்கூடாது, படைப்பின் கதையை ரெண்டு பேர் முன்னாடி விளக்கக்கூடாது, ரதத்தை, அதாவது மெர்காவாவை, ஒரே ஒரு ஆள் முன்னாடி கூட விளக்கக்கூடாது, அந்த ஆள் அறிவாளியா இருந்து தானாவே புரிஞ்சிக்கிற ஆளா இருந்தா ஒழிய. மேல என்ன, கீழ என்ன, முன்னாடி என்ன, பின்னாடி என்னன்னு இந்த நாலையும் துருவிப் பாக்குறவன் உலகத்துல பொறக்காமலே இருந்திருக்கலாம். இதுதான் விதி.

தானாவே புரிஞ்சிக்கிற ஆளுக்கு எதுக்கு வாத்தியார்னு கேக்கத் தோணும். அங்கதான் விஷயமே இருக்கு. இவங்க இதை இல்லேன்னு சொல்லல, பொய்னு சொல்லல, வேலி போடுறாங்க. வேலி போடணும்னா உள்ள எதோ இருக்குன்னுதானே அர்த்தம். ஆதியாகமத்தோட முதல் எழுத்து ஏன் 'பெத்'னு இன்னொரு இடத்துல கேக்குறாங்க, பதில் என்ன தெரியுமா, அந்த எழுத்து மூணு பக்கமும் மூடி ஒரு பக்கம் மட்டும் திறந்திருக்கு, அதுவும் அடுத்த வார்த்தை வர்ற பக்கம். மேல கீழ பின்னாடி எல்லாம் மூடியாச்சு, படைப்புல இருந்து இந்தப் பக்கம் மட்டும் பாரு. ஒரு எழுத்தோட வடிவத்துல இருந்து இப்படி ஒரு தத்துவத்தை எடுக்கிறது ரப்பிங்களுக்கே உரிய குசும்பு.

ரதம்னா எசேக்கியேல் முதல் அதிகாரம். பாபிலோனுக்குச் சிறை பிடிச்சுட்டுப் போன ஜனங்களோட கேபார் நதி ஓரமா இருந்த எசேக்கியேலுக்கு வடக்குல இருந்து புயல், மேகம், தீ, நாலு முகம் உள்ள ஜீவன்கள், சக்கரத்துக்குள்ள சக்கரம், அதுக்கு மேல சிம்மாசனம், அதுல மனுஷ சாயல்ல ஒரு உருவம். தீக்கு நடுவுல ஒரு பளபளப்பு, எபிரேயத்துல 'ஹஷ்மல்'. என்ன பொருள்னு யாருக்கும் உறுதியாத் தெரியாத சொல், தமிழ் பைபிள்ல பழைய மொழிபெயர்ப்புல 'சொகுசா'ன்னு போட்டிருப்பாங்க, அதுவும் படிக்கிறவனுக்குப் புரியாது. தால்மூத்துல ஒரு கதை, வாத்தியார் வீட்டுல எசேக்கியேல் புத்தகத்தைப் படிச்சுட்டு இருந்த ஒரு சின்னப் பையனுக்கு ஹஷ்மல்னா என்னன்னு விளங்கிடுச்சாம், உடனே ஹஷ்மல்ல இருந்து தீ கிளம்பி அவனை எரிச்சிடுச்சாம். அதனால அந்தப் புத்தகத்தையே மறைச்சு வச்சிடலாம்னு சிலர் கிளம்பினாங்கன்னும், வேற ஒரு காரணத்துக்காக அதை ஒதுக்கப் பாத்தப்ப ஹனனியா பென் ஹிஸ்கியாங்குறவர் 300 ஜாடி எண்ணெயை மாடிக்கு ஏத்தி விளக்கு எரிய எரிய உக்காந்து, அதுல தோராவுக்கு, அதாவது மோசேயோட அஞ்சு புத்தகத்துக்கு, முரண் இல்லேன்னு விளக்கிக் காட்டிக் காப்பாத்தினார்னும் அதே பக்கத்துல இருக்கு. (இன்னைக்கு இஸ்ரேல்ல ஹஷ்மல்னா கரண்டு. கரண்ட் பில்லுக்கும் அந்த வார்த்தைதான். 19ஆம் நூற்றாண்டுல எபிரேயத்தைப் பேச்சுமொழியா ஆக்கினப்ப இந்தச் சொல்லை எடுத்துக்கிட்டாங்க. அந்தப் பையன் கதையை நினைச்சா நல்லாத்தான் பேர் வச்சிருக்காங்க.)

இப்ப அந்த விதி நடைமுறையில எப்படி இருந்துச்சுன்னு பாருங்க. யோகனான் பென் சக்காய் கழுதை மேல போயிட்டு இருக்கார், சீடர் எலசார் பென் அராக் பின்னாடி கழுதையை ஓட்டிட்டு வர்றார். "குருவே, ரதத்தைப் பத்தி ஒரு பாடம் சொல்லுங்களேன்." "தனி ஆளுக்குச் சொல்லக்கூடாதுன்னு நான்தானே உங்களுக்கெல்லாம் சொல்லிக் கொடுத்தேன்?" "சரி, அப்ப நீங்க சொல்லிக் கொடுத்ததுல இருந்தே நான் ஒண்ணு சொல்லட்டுமா?" பெரியவர் "சொல்லு"ன்றார். சொல்லிட்டு என்ன பண்றார்னா கழுதையில இருந்து இறங்கிடுறார், போர்வையைச் சுத்திக்கிட்டு ஒரு ஒலிவ மரத்தடியில கல்லு மேல உக்காந்துடுறார். ஏன் இறங்கினீங்கன்னு கேட்டா, "நீ ரதத்தைப் பத்திப் பேசுற, ஷெகினா நம்ம கூட இருக்கு, தேவதூதருங்க கூடவே வர்றாங்க, நான் கழுதை மேல உக்காந்து வரட்டுமா?" சீடர் பேச ஆரம்பிச்சதும் வானத்துல இருந்து தீ இறங்கி வயல்ல இருந்த மரத்தை எல்லாம் சூழ்ந்துக்குது, மரங்க பாட ஆரம்பிக்குது. முடிஞ்சதும் குரு எழுந்து அவர் தலையில முத்தம் கொடுக்கிறார்.

இது பாபிலோன் தால்மூத் சொல்ற மாதிரி. இதே கதை தொசெப்தாவுல இருக்கு, அதுல தீயும் கிடையாது மரம் பாடுறதும் கிடையாது. சீடர் பேசுறார், குரு முத்தம் கொடுத்துப் பாராட்டுறார், அவ்ளோதான். எனக்கு அந்தத் தீ இல்லாத கதைதான் பிடிக்கும், கழுதையில இருந்து இறங்குறதுலயே எல்லாம் இருக்கு. வேற ஒருத்தர் பேசுறதைக் கேக்கத்தான் இறங்குறார், அதுவும் தன் மாணவன் பேசுறதை.

ஷெகினான்னு சொன்னேன்ல, கடவுளோட தங்கல், கூட இருக்கிற தன்மை. ஆலயம் போனதுக்கு அப்புறம் இந்தச் சொல்தான் அவங்களைத் தாங்கிப் பிடிச்சுது. இஸ்ரவேலர் எங்கெல்லாம் நாடு கடத்தப்பட்டாங்களோ ஷெகினாவும் அங்கெல்லாம் கூடவே போச்சுன்னு சொல்லுவாங்க, எகிப்துக்குப் போனப்பவும், பாபிலோனுக்குப் போனப்பவும். அதாவது கடவுளும் அகதி. இதைவிடத் துணிச்சலா இன்னொண்ணு. ரப்பி யோசே ஒரு தடவை எருசலேம்ல ஒரு இடிஞ்ச கட்டடத்துக்குள்ள போய் ஜெபம் பண்றார். எலியா தீர்க்கதரிசி வாசல்ல நின்னு அவர் முடிக்கிற வரைக்கும் காவல் காக்கிறார். உள்ள அவருக்குப் புறா குனுகுற மாதிரி ஒரு குரல் கேக்குது, ஐயோ என் பிள்ளைங்க, அவங்க பாவத்தால என் வீட்டை நானே இடிச்சேனே, என் ஆலயத்தை எரிச்சேனே, அவங்களை ஜாதிகளுக்கு நடுவுல துரத்தினேனேன்னு. கடவுள் அழுறார். இப்படி ஒரு அனுபவம் கிடைச்ச ஆள் வெளிய வந்ததும் எலியா முதல்ல என்ன கேக்குறார்? "ஏன்பா இடிஞ்ச கட்டடத்துக்குள்ள போன?" ஜெபம் பண்ண. "ரோட்டுல நின்னே பண்ணியிருக்கலாமே?" போற வர்றவங்க தொந்தரவு பண்ணுவாங்கன்னு பயந்தேன். "அப்ப சின்ன ஜெபமாப் பண்ணியிருக்கலாமே?" இதுல இருந்து நான் மூணு விஷயம் கத்துக்கிட்டேன்னு ரப்பி யோசே சொல்றார், இடிஞ்ச கட்டடத்துக்குள்ள போகக்கூடாது, வழியில ஜெபம் பண்ணலாம், வழியில பண்றவன் சுருக்கமாப் பண்ணணும். அதுக்கப்புறம்தான் "உள்ள என்ன குரல் கேட்ட?"ன்னே எலியா கேக்குறார். கடவுளோட அழுகை ரெண்டாவது, சட்டம் முதல்ல! முதல் தடவை படிச்சப்ப இது என்னடா அநியாயம்னு இருந்துச்சு. பிறகுதான் ரெண்டும் அவங்களுக்கு ஒரே மூச்சுன்னு பிடிபட்டுச்சு.

சரி, அந்த நாலு பேர். தொசெப்தாவுலயும் ரெண்டு தால்மூத்துலயும் இருக்கு, மூல வடிவம் ரொம்பச் சின்னது. நாலு பேர் 'பர்தேஸ்'க்குள்ள போனாங்க, பென் அசாய், பென் சோமா, அஹேர், ரப்பி அகிவா. ஒருத்தன் எட்டிப் பாத்தான், செத்தான். ஒருத்தன் எட்டிப் பாத்தான், அடிபட்டான். ஒருத்தன் எட்டிப் பாத்தான், செடிகளை வெட்டினான். ஒருத்தர் சமாதானமாப் போய் சமாதானமா வந்தார். பர்தேஸ்னா பழத்தோட்டம், பாரசீகத்துல இருந்து வந்த சொல், கிரேக்கம் வழியா 'பாரடைஸ்' ஆன அதே சொல். யார் செத்தது யார் அடிபட்டதுங்குறதுலயே குழப்பம் இருக்கு, பாபிலோன்காரங்க செத்தது பென் அசாய்ன்றாங்க, பாலஸ்தீன தால்மூத் அதை மாத்திச் சொல்லுது. தொசெப்தா கூடவே ஒரு உவமை சொல்லும்: ராஜாவோட தோட்டம், அதுக்கு மேல ஒரு மாடி அறை கட்டியிருக்கு, மனுஷன் எட்டிப் பாக்கலாம், ஆனா கண்ணு நிறைய நிறைய பாத்துக்கிட்டே நிக்கக்கூடாது.

பென் சோமாவை மட்டும் கொஞ்சம் கிட்டப் போய்ப் பாக்கலாம். ரப்பி யோசுவா ஆலய மலையில ஒரு படியில நிக்கிறார். பென் சோமா பெரியவரைப் பாத்தும் எழுந்து மரியாதை கூட பண்ணல, வேற எங்கயோ இருக்கான். "எங்க இருந்து எங்கப்பா, பென் சோமா?" பதில்: "மேல் தண்ணிக்கும் கீழ் தண்ணிக்கும் நடுவுல பாத்துட்டு இருந்தேன், நடுவுல மூணு விரக்கடை தூரம்தான் இருக்கு, தேவ ஆவி தண்ணி மேல அசைவாடுதுன்னு சொல்லியிருக்குல்ல, புறா தன் குஞ்சு மேல தொட்டும் தொடாமலும் அசையுற மாதிரி." ரப்பி யோசுவா தன் சீடருங்க பக்கம் திரும்பி ஒரே வரி சொல்றார், "பென் சோமா இன்னும் வெளியிலதான் இருக்கான்." பிரபஞ்சத்தோட நடுவுல நின்னு விரலால அளந்துட்டு வந்தேன்றவனைப் பாத்து வெளியில இருக்கான்னு சொல்றாரு. தேன் கிடைச்சா போதுமான அளவு சாப்பிடு, மிஞ்சினா வாந்திதான்னு நீதிமொழிகள் வசனத்தை அவன் கணக்குல தால்மூத் எழுதி வச்சிருக்கு.

இந்த யோசுவாவை ஞாபகம் வச்சுக்குங்க. அடுப்பு தீட்டா இல்லையான்னு ஒரு சண்டையில ரப்பி எலியேசர் தன் பக்கம் நியாயம்னு காட்ட மரத்தை நகர வைக்கிறார், வாய்க்கால் தண்ணியை எதிர்த் திசையில ஓட வைக்கிறார், கடைசியா வானத்துல இருந்து குரலே வருது, எலியேசர் சொல்றதுதான் சரின்னு. அப்ப எழுந்து நின்னு "அது வானத்துல இல்ல"ன்னு உபாகமத்துல இருந்தே வசனத்தை எடுத்துப் போட்டவர் இதே யோசுவாதான். சட்டத்தைப் பெரும்பான்மை முடிவு பண்ணும், வானத்துக் குரலுக்கு ஓட்டு இல்ல. கடவுள் சிரிச்சார், "என் பிள்ளைங்க என்னை ஜெயிச்சுட்டாங்க"ன்னாராம். வானத்துல குரல் வரும்னு நம்பாத ஆள் இல்ல இவர். நம்புறார், கேக்குறார், கேட்டுட்டு "சரி, நீங்க கொஞ்சம் ஓரமா இருங்க"ன்றார்.

அஹேர்னா 'வேற ஒருத்தன்'. உண்மைப் பேர் எலிஷா பென் அபுயா, பெரிய அறிஞர், மதம் மாறினதா இல்ல மதத்தையே விட்டதா, பேரைச் சொல்லவே கூசி அப்படிக் கூப்பிட்டாங்க. மேல போன இடத்துல மெத்தத்ரோன்னு ஒரு தேவதூதன் உக்காந்து இஸ்ரவேலரோட புண்ணியக் கணக்கை எழுதிட்டு இருக்கிறதைப் பாத்தார். மேல யாரும் உக்கார மாட்டாங்கன்னுதானே பாடம்? இவன் உக்காந்திருக்கானே, அப்ப ரெண்டு அதிகாரம் இருக்கோ? இந்த ஒரு சந்தேகம்தான் செடியை வெட்டினது. உடனே மெத்தத்ரோனை வெளிய இழுத்து 60 நெருப்புச் சாட்டையடி கொடுத்தாங்களாம், அஹேரைப் பாத்ததும் ஏன் எழுந்திருக்கலன்னு. கடைநிலை ஊழியன் நாற்காலியில உக்காந்ததுக்கு அதிகாரிகிட்ட வாங்கிக் கட்டிக்கிட்ட மாதிரி. 'வானத்துல ரெண்டு அதிகாரம்'ங்குறது அந்தக் காலத்துல நிஜமாவே ரப்பிங்க பயந்த கொள்கை, கிறிஸ்தவங்களும் ஞானவாத (நாஸ்டிக்) குழுக்களும் பக்கத்துலயே இருந்தாங்க, அதனால இந்தக் கதை யாரை மனசுல வச்சு சொன்னதுன்னு இன்னைக்கும் வாதம் ஓடிட்டு இருக்கு.

ஆனா அதே தால்மூத் இன்னொரு காரணமும் சொல்லும். அப்பா சொன்னாருன்னு ஒரு பையன் ஏணியில ஏறி, தாய்ப் பறவையை விரட்டிட்டுக் குஞ்சுகளை எடுக்கிறான். தோராவுல நீண்ட ஆயுசு தர்றேன்னு வெளிப்படையா வாக்கு கொடுத்த கட்டளைங்கள்ல ரெண்டு இதுதான், தகப்பனை மதிக்கிறதும் தாய்ப் பறவையை விட்டுடுறதும். ரெண்டையும் ஒரே நேரத்துல செஞ்ச பையன் இறங்குறப்ப விழுந்து சாகுறான். இதைத்தான் எலிஷா பாத்தார்ன்றாங்க. இன்னொரு சாரார், ரோமாக்காரன் கொன்ன ஹுட்ஸ்பித்ங்குற பெரியவரோட நாக்கைப் பன்னி இழுத்துட்டுப் போனதைப் பாத்தார்ன்றாங்க, முத்து உதிர்ந்த வாய் மண்ணைக் கவ்வுதேன்னு அவர் மனசு விட்டுப் போச்சாம். என்னைக் கேட்டா இதுதான் உள்ளபடி நடந்த காயம், மெத்தத்ரோன் கதை அதுக்கு மேல போட்ட போர்வை.

அவரோட மாணவர் ரப்பி மெயிர் மட்டும் அவரை விடல. மாதுளை கிடைச்சுது, உள்ள இருந்ததைச் சாப்பிட்டார், தோலைத் தூக்கிப் போட்டார்னு மெயிரைப் பத்திச் சொல்லுவாங்க. ஓய்வுநாள் அன்னைக்கு அஹேர் குதிரை மேல போறார், அதுவே குத்தம். மெயிர் பின்னாடியே நடந்து பாடம் கேட்டுட்டு வர்றார். ஒரு இடத்துல அஹேர் திரும்பி, "மெயிர், நீ திரும்பிப் போ, என் குதிரையோட அடியை எண்ணிக்கிட்டே வந்தேன், ஓய்வுநாள்ல நடக்கலாம்ன்ற எல்லை இதோட முடியுது." 2,000 முழம் அந்த எல்லை. "நீங்களும் திரும்புங்க"ன்னு மெயிர் சொல்றார். "திரும்ப முடியாது, எல்லாரும் திரும்பலாம் அஹேரைத் தவிரன்னு கடவுளோட திரைக்குப் பின்னாடி இருந்து குரல் கேட்டுடுச்சு." விட்டுட்டுப் போன மனுஷன் மாணவனுக்காகக் குதிரையோட அடியை எண்ணிக்கிட்டு வந்திருக்கார் பாருங்க. அவர் செத்து ரொம்ப நாள் கழிச்சு அவர் மகள் யூதா ஹநாசிகிட்ட வந்து சாப்பாட்டுக்கு வழி கேக்குறா. யார் மகள்னு தெரிஞ்சதும் பெரியவர் முகம் சுளிக்கிறார். "அவர் செஞ்சதைப் பாக்காதீங்க, அவர் படிப்பை நினைச்சுப் பாருங்க"ன்றா. வானத்துல இருந்து தீ வந்து யூதா உக்காந்திருந்த பெஞ்சை நக்கிட்டுப் போச்சாம்.

அகிவாவுக்கு வருவோம். உள்ள போன நாலு பேரும் பெரிய ஆளுங்கதான், ஆனா கணக்குல வர்றது வெளிய வந்தவர் மட்டும். கண்டவர் விண்டிலர்னு நம்ம ஊர்ல சொல்ற மாதிரி அவரும் என்ன பாத்தேன்னு சொல்லவே இல்ல. போறதுக்கு முன்னாடி மத்தவங்களுக்கு ஒரு எச்சரிக்கை மட்டும்: "சுத்தமான பளிங்குக் கல்லு இருக்கிற இடத்துக்கு வந்தா தண்ணி தண்ணின்னு கத்தாதீங்க." பைபிள்ல இருக்கிற காதல் பாட்டான உன்னதப்பாட்டைக் கூத்துப் பாட்டு மாதிரி நினைச்சவங்க இருந்த காலத்துல, வேத நூல் எல்லாமே பரிசுத்தம், அது மட்டும் மகா பரிசுத்தம்னு சண்டை போட்டு நிறுத்தினதும் இவர்தான். சாவு எப்படின்னா, ரோமாக்காரன் இரும்புச் சீப்பால சதையைக் கோதுறான், காலை ஜெபத்துக்கான நேரம், இவர் கடவுள் ஒருவரேன்னு அறிக்கை பண்ற "இஸ்ரவேலே கேள்" சொல்லிட்டு இருக்கார். சீடருங்க, இந்த நிலைமையிலயுமான்னு கேக்க, "உன் முழு ஆத்துமாவோடும்னு ஒரு வசனம் இருக்கே, அதை எப்ப நிறைவேத்துவேன்னு வாழ்நாள் பூரா தவிச்சேன்"ன்றார். 'ஒருவரே'ங்குற சொல்லை இழுத்துச் சொல்லிட்டு இருக்கும்போதே உயிர் போகுது. ஜெப நேரம் ஒரு சட்டம். அதுக்குள்ளதான் அவர் அனுபவமும் இருக்கு.

இன்னொரு கதையில மோசே மேல போறார், கடவுள் உக்காந்து எழுத்துகளுக்குக் கிரீடம் போட்டுட்டு இருக்கார். இது எதுக்குன்னா, பல தலைமுறை கழிச்சு அகிவான்னு ஒருத்தன் வருவான், இந்த ஒவ்வொரு முள்ளுக்கும் மலை மலையா சட்டம் சொல்லுவான். மோசே அந்த வகுப்புக்குப் போய் எட்டாவது வரிசையில உக்காந்து கேக்குறார், ஒண்ணும் புரியல, சோர்ந்து போறார். ஒரு மாணவன் "இது உங்களுக்கு எங்க இருந்து தெரியும்?"னு கேக்க, "சீனாயில மோசேவுக்குக் கொடுத்தது"ன்னு அகிவா சொன்னதும்தான் மனசு ஆறுது. அவனுக்கு என்ன பரிசுன்னு காட்டுங்கன்னு மோசே கேக்குறார். திரும்பிப் பாத்தா கசாப்புக் கடையில அகிவாவோட சதையை எடை போடுறாங்க. "இந்தப் படிப்புக்கு இதா கூலி?" பதில்: "சும்மா இரு. எனக்கு அப்படித்தான் தோணுச்சு." அந்த எபிரேயச் சொல்லுக்குத் தமிழ்ல 'சும்மா இரு'வை விடப் பொருத்தமா எனக்கு ஒண்ணு தோணல.

இப்ப ஆராய்ச்சிக்காரங்க சண்டையைச் சொல்லணும், சுருக்கமா. கெர்ஷோம் ஷோலெம், பெர்லின்ல பொறந்து 1923ல எருசலேம் போய்ச் சேர்ந்தவர், இந்தத் துறையையே உருவாக்கின ஆள். ரப்பிங்க நிஜமாவே மேல ஏறுற அனுபவப் பயிற்சி பண்ணினாங்க, பர்தேஸ் கதை அதோட நினைவுதான்னு சொன்னார். டேவிட் ஹால்பெரின் மாதிரி பிறகு வந்தவங்க, இல்லப்பா, இது எசேக்கியேலை வசனம் வசனமா விளக்குற பிரசங்கம், பெந்தெகொஸ்தே பண்டிகையில அந்த அதிகாரத்தை வாசிக்கிறப்ப ஜெபக்கூடத்துல சொன்னதுன்னாங்க. (ரதத்தைச் சபையில வாசிக்கக்கூடாதுன்னு மிஷ்னா ஒரு பக்கம் சொல்லுது, பண்டிகைக்கு அதைத்தான் வாசிக்கணும்னு தால்மூத் சொல்லுது. எங்க தடை இருக்கோ அங்க ஆர்வம் இருக்கு.) என் அபிப்பிராயம், ரெண்டையும் இவ்ளோ தூரம் பிரிக்க வேண்டியதே இல்ல. வசனத்தைச் சரியா விளக்கினா தீ இறங்கும்னு நம்புறவனுக்கு விளக்கம் வேற அனுபவம் வேற இல்ல.

தால்மூத்துக்குக் கொஞ்சம் பின்னாடியோ கூடவோ உருவான இன்னொரு தொகுதி இருக்கு, ஹெகலோத், அரண்மனைகள்னு அர்த்தம். இதுல வேலியெல்லாம் கிடையாது, நேரா வழி சொல்றாங்க. ஏழு அரண்மனை, ஒவ்வொரு வாசல்லயும் காவலாளிங்க, அவங்க பேரு, காட்ட வேண்டிய முத்திரை. வினோதம் என்னன்னா மேல போறவங்களை 'ரதத்துக்கு இறங்குறவங்க'ன்றாங்க, ஏன் இறங்குறதுன்னு இன்னைக்கு வரைக்கும் ஆளுக்கொரு விளக்கம். ஆறாவது வாசல்ல ஆயிரமாயிரம் அலை பாயுற மாதிரி தெரியுமாம், உண்மையில ஒரு சொட்டுத் தண்ணி கிடையாது, பளிங்கோட பளபளப்பு. இது என்ன தண்ணின்னு வாயைத் திறந்தா போச்சு, "பொன் கன்னுக்குட்டியை முத்தம் பண்ணின பரம்பரையாடா நீ?"ன்னு இரும்புக் கோடாலியை வீசுவாங்க. அகிவா சொன்ன தண்ணி எச்சரிக்கைக்கு இதுதான் விளக்கம், இல்ல அந்த எச்சரிக்கையில இருந்து முளைச்ச கதை. படிச்சது மறக்காம இருக்க தேவதூதனை வரவழைக்கிற முறையும் இதுல இருக்கு, உண்ணாவிரதம், முழுக்கு, மந்திரம்னு. பரீட்சைக்குப் படிச்ச யாருக்கும் இந்த ஆசை புரியும். கடவுளோட உடம்பு அளவுகளை வரிசையாச் சொல்ற ஷியுர் கோமான்னு ஒண்ணும் இருக்கு, 12ஆம் நூற்றாண்டுல மைமோனிதெஸ்ங்குற யூதத் தத்துவ அறிஞர் அதை அழிச்சிடணும்னு எழுதுற அளவுக்குக் கடுப்பானார்.

இந்த ஹெகலோத்ல எனக்குப் பிடிச்ச ஒரு காட்சி இருக்கு, உங்க கேள்விக்கு நேர் பதில் அதுதான். நெகுன்யா பென் ஹகானாங்குற ரப்பி பளிங்கு இருக்கையில உக்காந்து உள்ளுக்குள்ள பயணம் போயிட்டு இருக்கார், பாக்குறதை வாயால சொல்லிட்டே போறார், சுத்தி உக்காந்து சீடருங்க எழுதுறாங்க. நடுவுல ஒரு வரி, ஆறாவது வாசல் காவலாளிங்க "இறங்கியும் இறங்காதவங்களை" கொன்னுடுவாங்கன்னு. யாருக்கும் புரியல. கேக்கணும்னா அவரைத் திரும்பக் கூப்பிடணும், ஆளோ சிம்மாசனத்துக்கு முன்னாடி நிக்கிறார், தட்டி எழுப்பவா முடியும். ரப்பி இஸ்மவேல் ஒரு மெல்லிசான கம்பளித் துணியை எடுத்து அகிவாகிட்ட கொடுக்கிறார். மாதவிலக்கு முடிஞ்சு முழுக்குப் போட்டவ, ஆனா அந்த முழுக்கு சரியா அமைஞ்சுதான்னு ஒரு சின்னச் சந்தேகம், மறுபடி முழுகிட்டு வந்திருக்கா, பெரும்பாலானவங்க கணக்குல சுத்தம், ஒரே ஒரு கருத்துப்படி இன்னும் தீட்டு. அப்படி ஒரு பெண்ணை அந்தத் துணியை நடுவிரல் நுனியால, கண்ணுல விழுந்த முடியை எடுக்கிற மாதிரி மெதுவாத் தொடச் சொல்றாங்க. அந்தத் துணியை வாசனை எண்ணெயில ஊறின மிர்தில்ங்குற வாசனைச் செடியோட கிளையோட சேத்து நெகுன்யாவோட முழங்கால்ல வைக்கிறாங்க. தீட்டுன்னு சொல்லவே முடியாத அளவு தீட்டு, ஒரு மயிரிழை. சிம்மாசனத்து முன்னாடி நிக்க அதுவே போதாதா, உடனே அவரை அங்க இருந்து அனுப்பிட்டாங்க. கண்ணைத் திறந்துட்டார். தீட்டுச் சட்டத்தை இவ்ளோ நுணுக்கமாத் தெரிஞ்சவன்தான் சொர்க்கத்துல இருந்து ஒருத்தரை அடிபடாம இறக்க முடியும்.

யார் அந்த இறங்கியும் இறங்காதவங்கன்னு கேட்டாங்க. ரதத்துக்கு இறங்குறவன் தன் முன்னாடி உக்கார வச்சு, கவனமாப் பாரு, கேளு, நான் சொல்றதை எல்லாம் எழுதிக்கன்னு சொல்றானே, அந்த எழுதுற ஆளுங்கதான்னு நெகுன்யா சொன்னார்.